எம்டனில் ஏறாதவர்

அனந்தபுரி எக்ஸ்பிரஸ் இரணியலில் நின்றபோது என் கைப்பேசியில் ஒரு மேடு வெடித்துச் சிதறிக்கொண்டிருந்தது. 1916 ஜூலை 1, காலை 7.20. பிரான்ஸில் ஹாதார்ன் மேட்டுக்கு அடியில் பிரிட்டிஷ்காரர்கள் சுரங்கம் தோண்டி அடைத்துவைத்த சுமார் 18 டன் வெடிமருந்து. ஜெஃப்ரி மாலின்ஸ் என்ற படப்பிடிப்பாளர் காமிராவின் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே எடுத்த காட்சி அது. மண் புடைத்து எழுகிறது, கறுக்கிறது, ஆற அமர உதிர்கிறது. சத்தம் கிடையாது. எதிர் இருக்கையில் பலாக்காய் வற்றல் பொட்டலத்தோடு உட்கார்ந்திருந்த பெரியவர் எட்டிப் பார்த்தார்.

“யுத்தப் படமா தம்பி?”

“ஆமா அண்ணாச்சி.”

“ஒரிஜினலா, நடிப்பா?”

பெரும்பாலும் ஒரிஜினல்தான் என்றேன். அவருக்கு அந்தப் பதில் போதவில்லை. எனக்கும்தான்.

நான் போய்க்கொண்டிருந்தது திருவனந்தபுரத்தில் கேரள மாநிலச் சலச்சித்ர அகாதமி நடத்தும் ஆவணப்பட, குறும்பட விழாவுக்கு. போகிற வழியில் ஆவணப்படத்தின் ஆதிகாலத்து ஆள் ஒருவரைப் பார்த்துவிட்டுப் போகலாம் என்று ‘தி பேட்டில் ஆஃப் த சோம்’ படத்தைப் போட்டிருந்தேன். மாலின்ஸும் ஜான் மக்டவலும் எடுத்தது. சோம் சண்டை நவம்பர் வரை நீண்டது. படமோ ஆகஸ்டிலேயே லண்டன் அரங்குகளுக்கு வந்துவிட்டது. முதல் ஆறு வாரத்தில் 2 கோடிப் பேர் பார்த்ததாகக் கணக்குச் சொல்கிறார்கள். அன்றைய பிரிட்டனின் மக்கள்தொகையில் அது ஏறக்குறையப் பாதி. சண்டையின் முதல் நாளில் மட்டும் 19,240 பிரிட்டிஷ் வீரர்கள் செத்திருந்தார்கள். தன் வீட்டுப் பையன் முகம் திரையில் தென்படுமா என்று தேடியே நிறையப் பேர் போனார்கள். 2005-ல் யுனெஸ்கோ இதை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது.

படம் ஒன்றேகால் மணி நேரத்துக்குச் சற்று நீளும். அதில் வீரர்கள் பதுங்குகுழியின் விளிம்பேறிப் பாய்கிற காட்சி ஒரு நிமிடம்கூடத் தேறாது. ஒருவன் ஏறும்போதே சாய்ந்து, மண்சரிவில் வழுக்கித் திரும்ப உள்ளே விழுகிறான். முதல் உலகப்போர் பற்றி எந்தத் தொலைக்காட்சியில் என்ன நிகழ்ச்சி வந்தாலும் இந்தத் துண்டைக் காட்டிவிடுவார்கள். இது போர்முனையில் எடுத்ததே இல்லை. பின்னணியில் இருந்த மோர்ட்டார் பயிற்சிப் பள்ளி ஒன்றில் ஆட்களை ஓடவிட்டு எடுத்தது. உற்றுப் பார்த்தால் பிடிபடும். பாய்கிறவர்களின் முதுகில் மூட்டை இல்லை. குண்டுமழை நடுவே நிற்கவேண்டிய காமிரா சாவகாசமாக நிற்கிறது. செத்து விழுந்தவர்களில் ஒருவன், படுத்த வாகு சரிப்படவில்லை போலும், காலை மாற்றிப் போட்டுக்கொள்கிறான்.

மாலின்ஸைப் பொய்யர் என்று தள்ள எனக்கு மனம் வரவில்லை. சுரங்கவெடி நிஜம். அடிபட்டவனைத் தோளில் சுமந்து பதுங்குகுழி வழியாக வருகிறவன் நிஜம். காமிராவைப் பார்த்துச் சிரிக்கத் தெரியாமல் சிரிக்கிற முகங்கள் அத்தனையும் நிஜம். அவர்களில் பலர் அந்தச் சிரிப்புக்கு அப்புறம் அதிக நேரம் உயிரோடு இல்லை. கனத்த மரப்பெட்டியையும் முக்காலியையும் தூக்கிக்கொண்டு தலையைக் குனிந்து ஓடியவர் எடுக்க முடிந்ததை எடுத்தார். எடுக்க முடியாத ஒன்றைத்தான் ஊரார் பார்க்க ஆசைப்பட்டார்கள்: பாய்ச்சல். அதைச் செய்து நிரப்பினார்கள். நூறு வருஷம் கழிந்து, ஒரு மணி நேர நிஜத்தை ஒரு நிமிடச் செய்கை மூடிவிட்டது.

அந்தப் போர்முனையில் நம்மவர்களும் உண்டு. 1916 ஜூலை 14 அன்று ஹை வுட் காட்டருகே டெக்கான் ஹார்ஸ் குதிரைப்படை ஈட்டியேந்திப் பாய்ந்தது. இயந்திரத் துப்பாக்கிகளின் காலத்தில் குதிரைப் பாய்ச்சல்! மாலின்ஸும் மக்டவலும் சோம் படத்துக்கான காட்சிகளை ஜூலை இரண்டாம் வாரத் தொடக்கத்திலேயே முடித்துவிட்டார்கள். சில நாட்கள் தள்ளியிருந்தால் நம் குதிரைகளும் அதில் ஓடியிருக்கும். அதே 1916-ல் ‘வித் த இந்தியன் ட்ரூப்ஸ் அட் த ஃப்ரண்ட்’ என்று இந்தியச் சிப்பாய்களைப் பற்றித் தனியாகவும் ஒரு படம் வந்தது. எடுத்தவர்கள் பிரிட்டிஷ்காரர்கள். எதை வைப்பது, எதை வெட்டுவது, நடுவில் என்ன வாசகம் போடுவது என்று முடிவு செய்ததும் அவர்களே.

ரயில் கிளம்பியது. இரணியலில் இறங்கினால் குளச்சல் பக்கம்தான். 1741-ல் திருவிதாங்கூர்ப் படை டச்சுக் கம்பெனியைத் தோற்கடித்த கடற்கரை அது. வெற்றித்தூண் இன்றும் நிற்கிறது. ஜூலை 31 வந்தால் மதராஸ் ரெஜிமென்ட் வீரர்கள் அங்கே மலர்வளையம் வைப்பார்கள். அன்று பிடிபட்ட டிலனாய் பிறகு திருவிதாங்கூருக்கே படைத்தலைவராகி, உதயகிரிக் கோட்டைக்குள் அடங்கியிருக்கிறார். கல்லறையில் லத்தீனும் தமிழும் பொறித்திருக்கிறார்கள். பத்மநாபபுரம் அரண்மனையில் அவர் மார்த்தாண்ட வர்மாவிடம் சரணடையும் ஓவியம் ஒன்று உண்டு. அதைப் பார்த்துவிட்டு வந்தவர்களுக்குக் குளச்சல் என்றால் அந்த ஓவியம்தான். எனக்கும் அப்படித்தான். கடற்கரையில் போய் நின்றால்கூட மனம் ஓவியத்துக்குத் திரும்பிவிடுகிறது. குழித்துறை வந்து, பாறசாலையும் வந்தது. பெரியவர் நெய்யாற்றின்கரையில் இறங்கிக்கொண்டார்.

*

திருவனந்தபுரத்தில் படவிழாவுக்குப் போகிறவர் ஊரைச் சுற்றவேண்டியதில்லை. ரயில் நிலையத்தைவிட்டு வெளியே வந்தால் தம்பானூர். பக்கத்திலேயே கைரளி, ஸ்ரீ, நிளா என மூன்று அரசு அரங்குகள் ஒரே வளாகத்தில். மழை பிடித்துக்கொண்டது. குடை விரித்த கூட்டத்தில் பாதிப் பேர் கல்லூரிப் பிள்ளைகள், கழுத்தில் அடையாள அட்டை, கையில் நிகழ்ச்சி நிரல், எந்தப் படத்தை விட்டு எதற்குள் ஓடுவது என்ற பதற்றம். ஆவணப்படத்துக்கு இடம் பிடிக்க இப்படி அடித்துக்கொள்கிற கூட்டத்தைச் சென்னையில் நான் பார்த்ததில்லை. பொறாமையாக இருந்தது.

2008-ல் தொடங்கிய விழா இது. தணிக்கைச் சான்றிதழ் இல்லாத படங்களை விழாவில் காட்ட வேண்டுமானால் ஒன்றிய அரசின் செய்தி, ஒலிபரப்பு அமைச்சகம் விலக்குத் தரவேண்டும். 2017-ல் மூன்று படங்களுக்கு அது மறுக்கப்பட்டது. ஒன்று ரோஹித் வெமுலாவைப் பற்றியது, ஒன்று ஜே.என்.யு. மாணவர் போராட்டம் பற்றியது, மற்றொன்று காஷ்மீர் இளைஞர்களைப் பற்றிய ‘இன் த ஷேட் ஆஃப் ஃபாலன் சினார்’. அந்த மூன்றாவது படம் சண்டைக் காட்சிகளைப் பற்றியதுகூட இல்லை. சண்டை நடக்கும் மண்ணில் பாடுகிறவர்கள், வரைகிறவர்களைப் பற்றியது. எது நாட்டின் நினைவாக நிற்கலாம் என்று தீர்மானிக்கும் மேசை 1916-ல் லண்டனில் இருந்தது; பிறகு டெல்லிக்கு வந்தது.

இரண்டு படங்களுக்கு நடுவே காபி ஹவுஸுக்குப் போனேன். ரயில் நிலையத்துக்கு அருகே செங்கல்லைச் சுருட்டி நிறுத்திய மாதிரி இருக்கிறதே, லாரி பேக்கர் கட்டிய அந்தக் கட்டடம். உள்ளே தரை சுழன்று சுழன்று மேலேறும். அதன் ஓரத்திலேயே மேசைகள். தலைப்பாகைப் பரிசாரகர் மசாலா தோசையை வைத்துவிட்டுப் போனார், உள்ளே காபி ஹவுஸுக்கே உரிய பீட்ரூட் சிவப்பு. பேக்கரும் ஒரு போர்க்காலத்து மனிதர் என்பது அங்கே உட்கார்ந்திருக்கும்போதுதான் உறைத்தது. துப்பாக்கி தூக்கமாட்டேன் என்ற குவேக்கர். இரண்டாம் உலகப்போரில் மருத்துவ உதவிப் படையோடு சீனாவுக்குப் போய்ப் போரில் அடிபட்டவர்களைப் பார்த்துக்கொண்டவர். திரும்புகிற வழியில் பம்பாயில் கப்பலுக்குக் காத்திருந்த நாட்களில் காந்தியைச் சந்தித்து, அந்தச் சந்திப்பின் இழுப்பில் இந்தியாவுக்கே வந்துவிட்டார். போரை மறுத்தவரின் நினைவுச் சின்னத்துக்குள் தோசை தின்னலாம். இந்த ஊரின் தனிச் சலுகை.

*

மறுநாள் காலை மழை விட்டிருந்தது. தம்பானூரிலிருந்து தைக்காட்டுக்கு நடந்தே போகலாம். மாடல் ஸ்கூல் வாசலில் பையன்கள் சைக்கிளும் இரைச்சலுமாக உள்ளே போய்க்கொண்டிருந்தார்கள். மோகன்லால் படித்த பள்ளி என்று இங்கே எவரும் சொல்வார்கள். நான் தேடிவந்தது இன்னொரு பழைய மாணவரை: செண்பகராமன் பிள்ளை.

1891-ல் திருவனந்தபுரத்தில் பிறந்தவர். நாஞ்சில் நாட்டு வேளாளக் குடும்பம். அப்பா சின்னசாமிப் பிள்ளை, அம்மா நாகம்மாள். பள்ளிக்கூடத்துப் பையனாக இருந்தபோதே சர் வால்டர் ஸ்டிரிக்லண்ட் என்ற ஆங்கிலேய உயிரியல் ஆராய்ச்சியாளரின் பழக்கம் கிடைத்து, 1908-ல் அவரோடு ஐரோப்பாவுக்குக் கப்பலேறினார். கூடவே கிளம்பிய நண்பர் பத்மநாப பிள்ளை கொழும்பிலேயே மனம் மாறித் திரும்பிவிட்டார். செண்பகராமன் திரும்பவில்லை. 1914-ல் போர் மூண்டபோது சூரிச்சில் இருந்தார். இந்திய ஆதரவுக் குழு ஒன்றை நடத்திக்கொண்டு, ஜெர்மானியத் தூதரகத்தோடு எழுத்துப் போக்குவரத்து வைத்துக்கொண்டிருந்தார். அப்புறம் பெர்லின். 1915 டிசம்பரில் காபூலில் அமைந்த இந்தியத் தற்காலிக அரசின் வெளியுறவு அமைச்சர் என்று பெயர் வந்தது. 1934-ல் பெர்லினிலேயே இறந்தார்.

இவ்வளவும் ஒருவருக்குப் போதுமானதற்கு மேலேயே வாழ்க்கை. ஆனால் நம் ஊரில் செண்பகராமனைத் தெரிந்தவர்கள் அவரைத் தெரிந்துவைத்திருப்பது வேறொன்றுக்காக: எம்டன் கப்பலில் வந்து சென்னை மேல் குண்டு போட்டவர். எங்கள் பள்ளியில் வரலாற்று ஆசிரியர் சொல்லக் கேட்டிருக்கிறேன். குண்டுகள் வெள்ளைக்காரன் எண்ணெய்த் தொட்டிகள்மேல் விழுந்து நம் ஆட்களுக்கு அதிகச் சேதமில்லாமல் போனதற்குக் காரணமே கப்பலுக்குள் இருந்த நம் பிள்ளைதான் என்பார். வகுப்பு வாயைப் பிளந்து கேட்கும்.

நடந்தது தெரிந்ததுதான். 1914 செப்டம்பர் 22 இரவு, கார்ல் ஃபான் மியூலரின் தலைமையில் ஜெர்மானியப் போர்க்கப்பல் எம்டன் சென்னைத் துறைமுகத்துக்கு முன் வந்து நின்றது. நூற்றுக்கு மேற்பட்ட குண்டுகள். அரை மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்தது. பர்மா ஆயில் கம்பெனியின் தொட்டிகள் எரிந்தன. குறைந்தது ஐந்து பேர் இறந்தார்கள். ஊர் பயந்து காலியாகத் தொடங்கியது. மியூலர் விரும்பியதும் அதுதான். பிரிட்டிஷ்காரன் கவுரவத்தில் ஓர் அடி. நவம்பர் 9-ல் கோக்கஸ் தீவுகளருகே ஆஸ்திரேலியக் கப்பல் சிட்னி எம்டனை அடித்துப் பவளப்பாறையில் ஏற்றிவிட்டது. எம்டனில் இறந்தவர்கள் 130-க்கு மேல்.

அந்தக் கப்பலில் இருந்தவர்கள் யார் என்பதில் மர்மம் ஏதுமில்லை. தப்பியவர்கள் புத்தகம் எழுதினார்கள். துணைத்தலைவர் ஹெல்முத் ஃபான் மியூக்கே போர் நடக்கும்போதே எழுதிவிட்டார். ஹோகன்சோலர்ன் குடும்பத்து இளவரசர் ஒருவரும் கப்பலில் இருந்தார், அவரும் எழுதினார். துணி வெளுத்துக் கொடுத்த சீனத் தொழிலாளர்கள் உட்பட உள்ளே இருந்தவர்களின் விவரம் கிடைக்கிறது. அதில் இந்தியப் புரட்சிக்காரர் எவரும் வருவதில்லை. ஆகஸ்ட் தொடக்கத்தில் எம்டன் சீனக் கடலில், செண்பகராமன் சூரிச்சில். நடுவே பிரிட்டிஷ் கடற்படை. ஏற வழியே கிடையாது.

எம்டன் சென்னையைச் சுட்ட இரவில் எந்தக் காமிராவும் அங்கே இல்லை. இருந்திருந்தாலும் இருட்டில் அன்றைய பிலிம் எதையும் பிடித்திருக்காது. மறுநாள் எரிந்த தொட்டிகளைப் புகைப்படம் எடுத்தார்கள், அவ்வளவே. காமிரா தவறவிட்டதைப் பின்னால் வந்தவர்கள் நிரப்பத் தொடங்கினார்கள், ஒவ்வொரு நாட்டுக்காரரும் தன் பங்குக்கு. ஆஸ்திரேலியாவில் 1915-லேயே ஆல்ஃபிரட் ரோல்ஃப் ‘ஹவ் வீ பீட் தி எம்டன்’ எடுத்துவிட்டார். தலைப்பிலேயே யார் ஜெயித்தது என்று சொல்லியாகிவிட்டது. ஜெர்மனியில் 1926-ல் லூயி ரால்ஃப் ‘உன்சரே எம்டன்’ எடுத்தார்: எங்கள் எம்டன். அது அவர்கள் தோற்ற கப்பல், தோற்ற போர், ஆனாலும் எங்கள் எம்டன். பேசும்படம் வந்ததும் 1932-ல் அதையே திரும்ப எடுத்தார்.

நடுவே நடந்ததுதான் எனக்குப் பிடித்த பகுதி. ஜெர்மானியப் படத்தின் பிரதி ஆஸ்திரேலியாவுக்கு வந்தது. அங்கே அதை அப்படியே காட்டினால் எடுபடுமா? கென் ஹால் என்ற இளைஞரிடம் ஒப்படைத்தார்கள். அவர் ஜெர்மன் காட்சிகளை வெட்டிக் குறைத்து, ஆஸ்திரேலியக் கடற்படையின் உதவியோடு சிட்னி கப்பல் பக்கத்துக் காட்சிகளைப் புதிதாக எடுத்து ஒட்டினார். 1928-ல் ‘தி எக்ஸ்ப்ளாய்ட்ஸ் ஆஃப் தி எம்டன்’ என்று வந்தது. ஒரே சண்டை, ஒரே பிலிமில் பாதி. பெர்லினில் தியாகம், சிட்னியில் வெற்றி. ஹால் பின்னாளில் ஆஸ்திரேலிய சினிமாவின் பெரிய இயக்குநர்களில் ஒருவரானார். தொழில் கற்றது இந்த ஒட்டுவேலையில்.

குண்டு வாங்கிய ஊர்க்காரர்களான நாம் படம் எடுக்கவில்லை. எடுக்க நம்மிடம் என்ன இருந்தது? நாம் ஓர் ஆளைக் கப்பலில் ஏற்றிவிட்டோம். மாலின்ஸின் பயிற்சிப் பள்ளிப் பாய்ச்சலுக்கும் எங்கள் வரலாற்று ஆசிரியரின் செண்பகராமனுக்கும் நான் பெரிய வித்தியாசம் காணவில்லை. இருவருக்கும் ஒரே குறை: முக்கியமான காட்சியில் நம் ஆள் இல்லை. ஒன்று மட்டும் சொல்லலாம். மாலின்ஸின் நடிகன் காலை மாற்றிப் போட்டது பிலிமில் பதிந்துவிட்டது, கண்டுபிடிக்க வழி இருக்கிறது. வாய்வழிக் கதைக்குள் அப்படியொரு கால் தட்டுப்படாது.

*

மாடல் ஸ்கூலிலிருந்து எம்.ஜி. ரோட்டுக்கு ஆட்டோ பிடித்து, பழைய கேப்பிட்டல் தியேட்டர் இருந்த இடத்துக்குப் போகவேண்டும் என்றேன். ஓட்டுநர் திரும்பிப் பார்த்தார்.

“கேப்பிட்டலோ? எந்தக் காலத்துக் காரியம் சாரே இது!”

ஏ.ஜி. அலுவலகம் பக்கம் இறக்கிவிட்டார். தியேட்டரின் சுவடு ஏதும் இல்லை. கேரளத்தின் முதல் படமான ‘விகதகுமாரன்’ இங்கேதான் திரையிடப்பட்டது. 1928 நவம்பர் என்று ஒரு சாரார், 1930 அக்டோபர் என்று இன்னொரு சாரார்; முதல் படத்தின் தேதியே இன்னும் வழக்கில் இருக்கிறது. எடுத்தவர் ஜே.சி. டேனியல், அகஸ்தீஸ்வரத்துக்காரர். பட்டத்தில் ‘திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ்’ என்று ஸ்டூடியோ நிறுவினார். நாயர் பெண்ணாக நடித்த தலித் பெண் ரோசியைக் கூட்டம் விரட்டியடித்தது. டேனியலின் சொத்தும் படத்தோடு போனது. இந்தக் கதையைக் கமலின் ‘செல்லுலாய்ட்’ வந்தபிறகு நிறையப் பேருக்குத் தெரியும்.

அதிகம் பேசப்படாதது, டேனியல் சினிமாவுக்கு வந்த வழி. அவருக்குச் சிலம்பமும் களரியும் பித்து. இளவயதிலேயே வாள்வீச்சு பற்றி ஆங்கிலத்தில் புத்தகம் எழுதியவர். களரிப் பயிற்சியைப் பிலிமில் பிடித்து உலகுக்குக் காட்டவேண்டும் என்பதே தொடக்க ஆசை. அதை எடுத்திருந்தால் கேரளத்தின் முதல் படம் ஓர் ஆவணப்படமாக இருந்திருக்கும். குளச்சலில் வாளேந்தியவர்களின் வாரிசுகள் கை காலை எப்படி வீசினார்கள் என்பதாவது மிஞ்சியிருக்கும். அவர் குடும்பக் கதை எடுத்தார். அதுவும் மிஞ்சவில்லை. சுருள்களைக் கொளுத்தி விளையாடியது சிறுபிள்ளையாயிருந்த தானே என்று அவர் மகன் பின்னாளில் சொன்னார்.

டேனியலின் உறவினர் சுந்தர்ராஜ் தயாரித்த ‘மார்த்தாண்ட வர்மா’ 1933-ல் இதே கேப்பிட்டலில் ஓடியது. சி.வி. ராமன் பிள்ளையின் நாவல் அது. திருவிதாங்கூரின் வீர நினைவை மலையாளிக்கு உருவாக்கிக் கொடுத்த நூல் என்றே சொல்லவேண்டும். நாவலின் உரிமை வைத்திருந்த கமலாலயா புக் டிப்போ வழக்குப் போட்டது. சில நாட்களிலேயே திரையிடல் நின்றது. பிரதி பறிமுதல். தயாரிப்பாளருக்கு நாசம், நமக்கு நல்லகாலம்: ஓடித் தேய்ந்து கிழிந்திருக்கவேண்டிய பிரதி புத்தகக் கடைக்காரர்களிடம் முடங்கிக் கிடந்து தப்பித்தது. 1974-ல் புனேயின் தேசிய திரைப்பட ஆவணக் காப்பகம் அதைப் பெற்றுக்கொண்டது. அந்தக் காப்பகத்தை வளர்த்தெடுத்த பி.கே. நாயர் திருவனந்தபுரத்துக்காரர். அதே 1933-ல் பிறந்தவர்.

இந்திய அரசின் காமிராவுக்கும் இப்படிச் சில கோளாறுகள் உண்டு. இரண்டாம் உலகப்போருக்கு ஆள் சேர்க்கவும் கடன்பத்திரம் விற்கவும் பிரிட்டிஷ் அரசு 1943-ல் ‘இன்ஃபர்மேஷன் ஃபிலிம்ஸ் ஆஃப் இந்தியா’வை வைத்தது, ‘இந்தியன் நியூஸ் பரேட்’ அதன் கூட்டாளி. வெள்ளைக்காரனின் பிரச்சார எந்திரம் என்ற கோபத்தில் 1946-ல் அதன் மானியத்தை வெட்டி மூடினார்கள். கோபம் நியாயம், நேரம்தான் தப்பு. 1947 ஆகஸ்டில் நாடு விடுதலை பெற்ற இரவில் அதைப் படமெடுக்க அரசிடம் ஒரு படப்பிரிவு கிடையாது. அம்பாலால் படேல் போன்ற தனியாட்கள் எடுத்ததால் கொஞ்சம் மிஞ்சியது. 1948-ல் ஃபிலிம்ஸ் டிவிஷன் வந்தது. அதன் நியூஸ் ரீல் ஓடி முடிகிறவரை வெளியே நின்று பீடி குடித்துவிட்டு உள்ளே வருவதே எங்கள் ஊர்க் கொட்டகை வழக்கம். 1962, 1965, 1971 போர்களைத் தமிழ்நாட்டுக் கிராமம் பார்த்தது அந்த ரீலில்தான், பார்த்தவரை.

இந்த இடத்தில் ஏ.கே. செட்டியாரைச் சொல்லாமல் போக முடியாது. தமிழில் பயணக் கட்டுரை எழுதுகிறவன் அவரைக் கும்பிட்டுவிட்டுத்தான் பேனா எடுக்கவேண்டும். கோட்டையூர்க்காரர். கப்பல் கப்பலாக ஏறி, உலகம் முழுக்கச் செய்திப்பட நிறுவனங்களின் கிட்டங்கிகளில் காந்தியின் துண்டுக் காட்சிகளைத் தேடிச் சேர்த்து, 1940 ஆகஸ்டில் ‘மகாத்மா காந்தி’ ஆவணப்படத்தைத் தமிழில் வெளியிட்டார். ஐரோப்பாவில் போர் மூண்டு ஒரு வருஷம் ஆகவிருந்த நேரம். போருக்கு எதிரான மனிதரைப் பற்றி ஒரு படம். நம் தலைவரின் முகம் நம்மிடம் இல்லை, அடுத்தவர் அலமாரியில் இருக்கிறது என்று புரிந்துகொண்டு போய் வாங்கிவந்தவர். இல்லாத காட்சிக்கு ஆள் வைத்து நடிக்கவிடவில்லை. வெகுகாலம் கழித்து அந்தப் படத்தின் ஆங்கில வடிவம் கிடைத்ததும் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றின் அலமாரியில்தான்.

*

மாலையில் கரமனைக்குப் போனேன். செண்பகராமனின் அஸ்தியை 1966-ல் அவர் மனைவி லட்சுமிபாய் இந்தியக் கடற்படையின் ‘டெல்லி’ கப்பலில் கொண்டுவந்து சேர்த்தார். சாம்பலைக் கரமனை ஆற்றில் கரைக்கவேண்டும், நாஞ்சில் நாட்டு வயல்களில் தூவவேண்டும் என்பது செண்பகராமனின் ஆசையாம். 1908-ல் போன பையன் 58 வருஷம் கழித்து ஒரு போர்க்கப்பலில் திரும்பினான், இந்தியக் கொடி பறந்த கப்பலில். இதற்குச் சாட்சி உண்டு, தேதி உண்டு. எம்டன் கதையைவிட எனக்கு இது பெரிதாகப் படுகிறது. ஆனால் இதை யாரும் வகுப்பில் சொல்லிக் கேட்டதில்லை.

பாலத்தில் வாகன நெரிசல். ஆறு மழைத்தண்ணீரில் செம்மண்ணாய்ப் போய்க்கொண்டிருந்தது. ஆடி அமாவாசைக்குப் பலி போட்டவர்கள் விட்டுப்போன வாழையிலைகள் கரையில் ஒதுங்கிக் கிடந்தன. அதிக நேரம் நிற்கவில்லை. ஆறரை மணிக் காட்சிக்கு வரிசையில் நிற்கவேண்டும்.

நிளா அரங்கின் வரிசையில் எனக்கு முன்னால் நின்ற பையன் நெய்யாற்றின்கரைக்காரன், திரைப்படம் படிக்கிறான். தமிழும் மலையாளமும் கலந்து பேசினோம். என்ன செய்கிறாய் என்றேன். செண்பகராமன் பிள்ளை பற்றிக் குறும்படம் எடுக்கப்போகிறானாம். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. தைக்காடு, சூரிச், கரமனை எல்லாம் அவன் குறிப்பேட்டில் இருந்தன. எம்டனும் இருந்தது: இருட்டுக் கடல், மேல்தளம், பீரங்கிக்குப் பக்கத்தில் ஓர் இளைஞன் கரையைக் கை காட்டுகிறான். வரைந்தே வைத்திருந்தான். நல்ல காட்சி, மறுக்கவில்லை.

அவர் அந்தக் கப்பலில் இல்லையே என்றேன். தெரியும் என்றான். தெரிந்துமா? “அது இல்லாதெ பிள்ளையுட கதை எப்படி சாரே?” சூரிச்சில் உட்கார்ந்து கடிதம் எழுதியவனைக் காட்டினால் யார் உட்கார்ந்து பார்ப்பார்கள் என்பது அவன் கேள்வி. நான் சோம் படத்தைச் சொன்னேன். காலை மாற்றிப் போட்ட பிணத்தைச் சொன்னதும் சிரித்துவிட்டான். கைப்பேசியில் அந்த இடத்தைத் தேடி இரண்டு மூன்று தடவை ஓட்டிப் பார்த்தான். சரி, எடு, ஆனால் இது கற்பனைக் காட்சி என்று அதன்மேலேயே எழுத்துப் போடு என்றேன். “அப்போ ஆரு சாரே காணும்?” என்றான்.

வரிசை நகரும்வரை வாதாடினோம், இடைவேளையில் காபி ஹவுஸின் சுழல்தரையில் உட்கார்ந்தும் வாதாடினோம். கடைசியில் ஓர் உடன்பாட்டுக்கு வந்தான். எம்டன் காட்சி இருக்கும். எழுத்தும் இருக்கும். எழுத்து, படம் முடிந்து பெயர்கள் ஓடும்போது, நன்றி நவிலலுக்குக் கீழே வரும்.